பதினோரு சட்டைகள் போட்ட மனிதர்: டாட் ஸீல் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்த டாட் ஸீல்? பேஸ்பால் பார்ப்பவர்களிலேயே பலர் கேள்விப்படாத பெயராக இருக்கிறதே?

அவரைப் பற்றி எழுத உட்கார்ந்ததற்கே அதுதான் காரணம். 1965 செப்டம்பரில் கலிபோர்னியாவின் வான் நைஸில் பிறந்தவர். 1989 ஆகஸ்டில் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் அணிக்காக அமெரிக்காவின் மேஜர் லீக்கில் முதன்முதலாக ஆடினார். 2004 அக்டோபரில் நியூயார்க் மெட்ஸ் அணியின் சட்டையோடு ஓய்வு பெற்றார். 16 சீசன்கள், 2,158 ஆட்டங்கள், 2,004 ஹிட்கள், அதாவது அவுட் ஆகாமல் ஓட வைத்த அடிகள்; அவற்றில் 253 ஹோம் ரன்கள், நம் சிக்ஸர்போல் சுவரைத் தாண்டியவை. சிறந்தவர்களை மட்டும் அழைக்கும் ஆல் ஸ்டார் ஆட்டத்துக்கு ஒருமுறைகூடத் தேர்வானதில்லை. சாம்பியன் மோதிரமும் கிடையாது. முதல் ஆட்டத்துக்கும் ஓய்வுக்கும் நடுவில் பதினோரு அணிகள் இருக்கின்றன.

"ஜர்னிமேன்" என்கிறார்களே, ஊர் ஊராகப் பயணம் செய்பவர் என்ற பொருளிலா?

பலரும் அப்படித்தான் எண்ணிக்கொண்டிருக்கிறார்கள். உண்மையில் அந்தச் சொல், ஒரு நாள் வேலையைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது. பழைய ஐரோப்பியத் தொழில் சங்கங்களில் வேலை கற்று முடித்து, சொந்தமாகப் பட்டறை வைக்காமல், நாள் கூலிக்கு உழைத்தவரை அப்படி அழைத்தார்கள். நம்முடைய கட்டட வேலையில் வைத்துப் பார்த்தால் சித்தாளுக்கு மேலே, மேஸ்திரிக்குக் கீழே இருக்கிற கொத்தனார். சுவர் எழுப்பத் தெரியும், பூசத் தெரியும். நாளை எந்த மனையில் வேலை என்பதை மட்டும் வேறொருவர் சொல்ல வேண்டும்.

பேஸ்பாலில் இந்தப் பட்டத்தைக் கொஞ்சம் இளக்காரமாகவே பயன்படுத்துகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. வேலை தெரியாத கொத்தனாரைப் பதினோரு மேஸ்திரிகள் கூப்பிட மாட்டார்கள்.

அந்தப் பதினோரு அணிகள் எவை?

மூச்சு பிடித்துக்கொள்ளுங்கள். 1989 முதல் 1995 நடுப்பகுதி வரை கார்டினல்ஸ். அங்கிருந்து சிகாகோ கப்ஸ். 1996 தொடக்கத்தில் ஃபிலடெல்பியா ஃபில்லீஸ், அந்த ஆண்டின் இறுதியில் பால்டிமோர் ஓரியோல்ஸ். 1997இல் லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸ். 1998இல் டாட்ஜர்ஸ், ஃப்ளோரிடா மார்லின்ஸ், டெக்சஸ் ரேஞ்சர்ஸ் என்று ஒரே சீசனில் மூன்று. 1999இலும் ரேஞ்சர்ஸ். 2000, 2001 ஆண்டுகளில் மெட்ஸ். 2002இல் கொலராடோ ராக்கீஸ். 2003இல் முதலில் நியூயார்க் யாங்கீஸ், பிறகு மான்ட்ரியால் எக்ஸ்போஸ். 2004இல் மறுபடியும் மெட்ஸ்.

இந்தப் பதினோரு அணிகளுக்காகவும் அவர் ஹோம் ரன் அடித்திருக்கிறார். பதினோரு அணிகளுக்காக ஹோம் ரன் அடித்த முதல் ஆட்டக்காரர் அவர்தான். கார்டினல்ஸுக்கு 75, மெட்ஸுக்கு 41, டாட்ஜர்ஸுக்கு 38 என்று கணக்கு இறங்கிக்கொண்டே வந்து, ஓரியோல்ஸுக்கும் எக்ஸ்போஸுக்கும் தலா ஐந்தில் முடிகிறது. எந்த வீட்டுக்குப் போனாலும் வெறுங்கையோடு போகாத விருந்தாளி.

இன்ஃபீல்டர் என்றால் என்ன? அவர் ஆடிய இடம் எது?

ரன் எடுக்க ஓடுபவர் தொட்டுச் செல்லும் இடங்கள் பேஸ்கள். மைதானத்தின் உள்வட்டத்தில் அவற்றைக் காத்து நிற்பவர்கள் இன்ஃபீல்டர்கள். ஸீல் பெரும்பாலும் மூன்றாம் பேஸில் நின்றார், பின்னாளில் முதல் பேஸுக்கு நகர்ந்தார். மூன்றாம் பேஸ் சுகமான இடமில்லை. வலது கை ஆட்டக்காரர் முழு வீச்சில் இழுத்து அடிக்கும் பந்து நேராக அங்கேதான் வந்து மோதும். கிரிக்கெட்டில் ஷார்ட் லெக்கில் ஹெல்மெட் இல்லாமல் நிற்பதை நினைத்துக்கொள்ளுங்கள். பந்தைத் தடுத்தால் மட்டும் போதாது. அடித்தவர் ஓடிச் சேர்வதற்குள், குறுக்கே 127 அடி தாண்டி முதல் பேஸுக்கு எறிந்தாக வேண்டும்.

அவர் வந்ததோ கேட்சராக. நம் கணக்கில் விக்கெட் கீப்பர். 1990இல் முழு சீசன் ஆடத் தொடங்கிய அவரை, அந்த ஆண்டு ஆகஸ்டில் மேலாளராக வந்த ஜோ டோரி மூன்றாம் பேஸுக்கு மாற்றினார். வலுவான கையும் சட்டென்று வினையாற்றும் கண்ணும் இரண்டு இடத்துக்கும் பொது என்பதால் மாற்றத்தில் நியாயம் இருந்தது. சிக்கல் வேறு இடத்தில் வந்தது. மூன்றாம் பேஸை அதுவரை காத்த டெர்ரி பெண்டில்டன் அட்லாண்டாவுக்குப் போய், 1991இல் மேஜர் லீக்கின் இரு பிரிவுகளில் ஒன்றான நேஷனல் லீக்கின் மிகச் சிறந்த வீரர் விருதை வாங்கிவிட்டார். காலியான நாற்காலியில் உட்காரச் சொன்னதே கடினம். போனவர் அடுத்த ஊரில் மாலை மரியாதையோடு நிற்பதையும் பார்த்துக்கொண்டு உட்கார வேண்டியிருந்தது. பத்தாண்டுகள் கழித்து மெட்ஸில் இதே கதை: சியாட்டிலுக்குப் போய்விட்ட ஜான் ஓலரூட் விட்டுச்சென்ற முதல் பேஸ். அதற்கு முன் ஸீலுக்கு அங்கே அதிகம் நின்று பழக்கமில்லை. சரி என்றார், கையுறையை மாற்றிக்கொண்டார்.

ஆட்டக்காரரைக் கேட்காமலே ஓர் அணி அவரை இன்னோர் அணிக்கு மாற்றிவிட முடியுமா?

முடியும். புதிதாகப் பார்ப்பவர்களுக்கு இதுதான் பெரிய அதிர்ச்சி. நம் ஊரில் அரசு ஊழியர் மாறுதலுக்காவது மனு போட்டுப் பார்க்கலாம். இங்கே காலையில் ஓர் ஊர், மாலையில் ஓர் ஊர்.

இதற்குப் பின்னால் நீண்ட வழக்கு வரலாறு உண்டு. அதன் முக்கியமான அத்தியாயம் ஒன்று தொடங்குவதும் ஸீலின் முதல் அணியான கார்டினல்ஸில்தான். 1969இல் அந்த அணி கர்ட் ஃப்ளட் என்ற ஆட்டக்காரரை ஃபிலடெல்பியாவுக்கு மாற்றியது. அவர் போக மறுத்தார். வாங்கவும் விற்கவும் நான் ஒரு சொத்து அல்ல என்று லீக் ஆணையருக்குக் கடிதம் எழுதி, உச்ச நீதிமன்றம் வரை போனார். 1972இல் 5க்கு 3 என்ற கணக்கில் தோற்றார். ஆட்ட வாழ்க்கையும் அத்தோடு போயிற்று. ஆனால் அவர் திறந்துவிட்ட பேச்சு அடங்கவில்லை. 1975 டிசம்பரில் வேறு இரண்டு பிட்சர்களின் (பந்து வீசுபவர்களின்) வழக்கில் வந்த நடுவர் தீர்ப்பு கதவை உடைத்தது. அதன் பிறகுதான் ஆறு ஆண்டு சேவை முடித்தவர் தன் விருப்பப்படி அணியைத் தேடிக்கொள்ளலாம் என்ற விதி வந்தது.

மாற்றத்தையே மறுக்கும் உரிமையும் ஒன்று உண்டு. மேஜர் லீக்கில் மொத்தம் பத்து ஆண்டு முடித்திருக்க வேண்டும். அதில் கடைசி ஐந்து ஆண்டு ஒரே அணியில் கழிந்திருக்க வேண்டும். ஸீலின் கதையை இந்த விதியோடு வைத்துப் பாருங்கள். கார்டினல்ஸில் ஐந்து ஆண்டுக்கு மேல் இருந்தபோது அவருக்குப் பத்து ஆண்டு ஆகவில்லை. பத்து ஆண்டு ஆனபோது எந்த அணியிலும் ஐந்து ஆண்டு இருக்கவில்லை. அடிக்கடி மாற்றப்பட்டவருக்குத்தான் அந்தப் பாதுகாப்பு தேவை. அடிக்கடி மாற்றப்பட்டதாலேயே அது அவருக்குக் கிடைக்கவில்லை. விதி எழுதியவர்கள் இதை யோசித்தார்களா என்று எனக்கு நெடுநாள் சந்தேகம்.

அப்படியானால் எல்லாமே அவரைக் கேட்காமல் நடந்த மாற்றங்கள்தானா?

அதுவும் சரியில்லை. ஐந்து முறைதான் அணிகள் அவரை மாற்றின: கப்ஸ், ஓரியோல்ஸ், மார்லின்ஸ், ரேஞ்சர்ஸ், ராக்கீஸ். ஃபில்லீஸ், டாட்ஜர்ஸ், யாங்கீஸ், எக்ஸ்போஸ், இரண்டு முறை மெட்ஸ் ஆகியவற்றுக்கு அவரே ஒப்பந்தம் போட்டுக்கொண்டு போனார். டாட்ஜர்ஸ் சொந்த ஊர் அணி. 1997இல் அங்கே 31 ஹோம் ரன் அடித்தார். அதுதான் அவருடைய உச்சம். அந்த ஆண்டு மைக் பியாஸா, எரிக் கேரஸ், ராவுல் மாண்டெசி, ஸீல் என்று ஒரே அணியில் நால்வர் முப்பதைத் தொட்டார்கள்.

1998இல் ஒரே ஆண்டில் மூன்று அணிகள் எப்படி?

மே மாதம் டாட்ஜர்ஸ் தன்னுடைய மாபெரும் நட்சத்திரமான பியாஸாவை மார்லின்ஸுக்குக் கொடுத்துவிட்டு ஐந்து பேரை வாங்கிக்கொண்டது. பியாஸாவோடு சேர்த்து ஸீலையும் அனுப்பியது. மார்லின்ஸ் முந்தைய ஆண்டின் சாம்பியன். ஆனால் அதன் உரிமையாளர் செலவைக் குறைக்க வெற்றி அணியையே பிரித்து விற்றுக்கொண்டிருந்தார். பியாஸா ஒரு வாரத்தில் மெட்ஸுக்குக் கைமாறினார். ஸீல் ஜூலை இறுதி வரை கடையில் இருந்தார், பிறகு டெக்சஸ். அந்த சீசனில் மார்லின்ஸ் தோற்றது 108 ஆட்டங்கள். அதில் ஒரு பகுதியைத்தான் அவர் பார்த்தார் என்பது ஓர் ஆறுதல்.

1996இல் பந்து கையிலிருந்து நழுவியதாகச் சொல்கிறார்களே, என்ன நடந்தது?

அவரைத் தெரிந்தவர்களில் பாதிப் பேருக்கு இந்த ஒரு காட்சிதான் நினைவிருக்கிறது. அநியாயம், ஆனாலும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

ஆகஸ்ட் 29 அன்று ஃபில்லீஸ் அவரை ஓரியோல்ஸுக்கு அனுப்பியது. ஆகஸ்ட் 31க்குள் அணியில் இருப்பவர்தான் பிளே-ஆஃப் (சாம்பியனைத் தீர்மானிக்கும் இறுதிக்கட்ட ஆட்டங்கள்) ஆட முடியும் என்பதால் கடைசி நேரத்து அவசரம். ஓரியோல்ஸ், மற்றொரு பிரிவான அமெரிக்கன் லீக்கின் இறுதிச் சுற்றில் யாங்கீஸைச் சந்தித்தது. தொடர் ஒன்றுக்கு ஒன்று. மூன்றாவது ஆட்டம் பால்டிமோரில். ஒன்பது இன்னிங்ஸ் கொண்ட ஆட்டத்தில் முதல் இன்னிங்ஸிலேயே ஸீல் இரண்டு ரன் ஹோம் ரன் அடித்தார். எட்டாவது இன்னிங்ஸ் வரை அந்த இரண்டு ரன்களே அணியைத் தாங்கிக்கொண்டிருந்தன: 2-1.

எட்டாவதில் இரண்டு அவுட், பேஸ்களில் யாருமில்லை. இன்னும் ஓர் அவுட் எடுத்தால் இன்னிங்ஸ் முடிந்தது. யாங்கீஸின் டெரெக் ஜீட்டர் டபுள் அடித்தார், அதாவது ஒரே அடியில் இரண்டாம் பேஸ் வரை ஓடினார். பெர்னி வில்லியம்ஸ் அவரை உள்ளே கொண்டுவந்தார், சமநிலை. அடுத்து டினோ மார்ட்டினெஸ் இடப்பக்கம் டபுள் அடிக்க, வில்லியம்ஸ் மூன்றாம் பேஸுக்கு வந்து நின்றுவிட்டார். வெளிக்களத்திலிருந்து வந்த பந்து ஸீலின் கையில் இருந்தது. இரண்டாம் பேஸை நோக்கி எறிவதுபோல் கையை ஓங்கினார். எறியாமல் நிறுத்த நினைத்தபோது பந்து விரல்களிலிருந்து வழுக்கித் தரையில் விழுந்து உருண்டது. வில்லியம்ஸ் அதைப் பார்த்தார், ஓடினார், ரன். 3-2. அடுத்து வந்த செசில் ஃபீல்டர் ஹோம் ரன் அடித்து 5-2 ஆக்கினார். ஓரியோல்ஸ் அந்தத் தொடரில் அதன் பிறகு ஓர் ஆட்டம்கூட வெல்லவில்லை.

முதல் இன்னிங்ஸ் ஹோம் ரன் இல்லாவிட்டால் அந்தப் பந்து நழுவுவதற்கு மதிப்பே இருந்திருக்காது. இதை யாரும் சொல்வதில்லை.

2000 வேர்ல்டு சீரிஸில் சுவரின் உச்சியில் பட்ட பந்து அவருடையதுதானா?

அவருடையதுதான். அந்த ஆண்டு மெட்ஸ், நேஷனல் லீக் இறுதிச் சுற்றில் அவருடைய பழைய கார்டினல்ஸை வென்றது. தீர்மானித்த ஐந்தாவது ஆட்டத்தில், பேஸ்களில் நின்ற மூன்று பேரையும் ரன் எடுக்க வைத்த டபுள் அவருடையது. பிறகு யாங்கீஸோடு வேர்ல்டு சீரிஸ் என்னும் சாம்பியன் தொடர், ஒரே நகரத்து இரண்டு அணிகள்.

அக்டோபர் 21, யாங்கீ ஸ்டேடியம், ஆறாவது இன்னிங்ஸ், இரு பக்கமும் ரன் இல்லை, இரண்டு அவுட். முதல் பேஸில் டிமோ பெரெஸ் என்ற வேகமான புதுமுகம். ஆண்டி பெட்டிட் வீசிய பந்தை ஸீல் இடப்பக்கம் தூக்கி அடித்தார். ஹோம் ரன் என்று நினைத்த பெரெஸ் ஓட்டத்தைத் தளர்த்திவிட்டார். பந்து சுவரின் உச்சி விளிம்பில் பட்டு மைதானத்துக்குள்ளேயே திரும்பி விழுந்தது. இன்னும் சில அங்குலம் போதும், இரண்டு ரன். டேவிட் ஜஸ்டிஸ் எடுத்து ஜீட்டருக்கு எறிய, ஜீட்டர் ஓடிக்கொண்டே கேட்சருக்கு எறிந்தார். தாமதமாக வேகமெடுத்த பெரெஸ் அவுட். இரண்டு அவுட் ஆன பிறகு அடித்த கணமே தலை தெறிக்க ஓட வேண்டும் என்பது பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொல்லித்தரும் பாடம்.

ஆட்டம் 12 இன்னிங்ஸ், 4 மணி 51 நிமிடம் இழுத்தது. முடிவில் 4-3 என்று யாங்கீஸை வெல்ல வைத்தவர் யார் தெரியுமா? ஹோசே விஸ்கைனோ. முன்பு மெட்ஸிலேயே ஆடி, அணி அணியாக மாறி, அந்த ஆண்டு நடுவில்தான் யாங்கீஸுக்கு வந்த இன்னொரு ஜர்னிமேன் இன்ஃபீல்டர். அன்று அவருக்கு நான்கு ஹிட்கள். ஜீட்டர், பியாஸா, கிளெமென்ஸ் என்று பெயர்ப்பலகை மின்னிய அந்தத் தொடரின் முதல் இரவு, கூலிக்கு வந்த இரண்டு கொத்தனார்களைச் சுற்றித்தான் சுழன்றது.

மெட்ஸ் 4-1 என்று தொடரை இழந்தது. ஸீல் 20 முறை மட்டை பிடித்து 8 ஹிட்கள் எடுத்தார்.

யாங்கீஸுக்கும் அவருக்கும் அப்படி என்ன பகை?

பகை இல்லை, விதி என்று வேண்டுமானால் சொல்லலாம். ஸீல் நான்கு ஆண்டுகளில் பிளே-ஆஃப் ஆடியிருக்கிறார்: 1996இல் ஓரியோல்ஸ், 1998, 1999இல் ரேஞ்சர்ஸ், 2000இல் மெட்ஸ். நான்கு முறையும் வெளியே அனுப்பியது யாங்கீஸ். நான்கு முறையும் அந்த ஆண்டின் சாம்பியன் யாங்கீஸ். ரேஞ்சர்ஸோடு நடந்த இரண்டு தொடர்களும் மூன்று மூன்று ஆட்டங்களில் முடிந்தன. ஒவ்வொரு தொடரிலும் ரேஞ்சர்ஸ் எடுத்தது மொத்தமே ஒரு ரன்.

வெல்ல முடியாவிட்டால் சேர்ந்துகொள் என்பதுபோல 2003இல் அவரே யாங்கீஸில் சேர்ந்தார். ஆகஸ்டில் விடுவித்துவிட்டார்கள். அந்த அக்டோபரில் யாங்கீஸ் வேர்ல்டு சீரிஸுக்குப் போய்த் தோற்றது. தோற்கடித்தது மார்லின்ஸ், அதாவது ஸீலின் இன்னொரு பழைய அணி. இதைக் கதையாக எழுதிக்கொடுத்தால் ஆசிரியர் நம்பகத்தன்மை இல்லை என்று திருப்பி அனுப்பிவிடுவார்.

எக்ஸ்போஸில் அவர் இருந்ததே சில வாரங்கள். அதற்கு என்ன முக்கியத்துவம்?

அந்த அணியே அப்போது ஒரு ஜர்னிமேன். மான்ட்ரியாலில் கூட்டம் வரவில்லை, வாங்க ஆள் இல்லை. 2002 முதல் லீக்கே அதை நடத்திக்கொண்டிருந்தது. 2003இல் 22 உள்ளூர் ஆட்டங்களை உள்ளூரில் ஆடாமல் புவேர்ட்டோ ரிக்கோவின் சான் ஹுவானில் ஆட வைத்தார்கள். வீடில்லாத அணிக்கு வீடில்லாத ஆட்டக்காரர் போய்ச் சேர்ந்தார், ஐந்து ஹோம் ரன் அடித்தார், பதினோரு அணிக் கணக்கை முடித்தார்.

பந்தும் வீசியிருக்கிறாராமே?

ஆம், இரண்டு முறை. 2002இல் ராக்கீஸுக்கும் 2004இல் மெட்ஸுக்கும் தலா ஓர் இன்னிங்ஸ். கையிலிருந்து நழுவிப்போன ஆட்டத்தில் பிட்சர்களின் தோளைக் காப்பாற்ற இப்படி யாரையாவது அனுப்புவார்கள். விவரம் வேண்டாம், விட்டுவிடுவோம்.

2001 செப்டம்பர் 11க்குப் பிறகு தொப்பி விஷயத்தில் அவர் பெயர் அடிபடுகிறதே?

தாக்குதலுக்குப் பிறகு மெட்ஸின் ஷே ஸ்டேடிய வண்டி நிறுத்துமிடம் நிவாரணப் பொருள் சேகரிக்கும் இடமாயிற்று. ஆட்டக்காரர்களும் மூட்டை தூக்கினார்கள். செப்டம்பர் 21 அன்று நியூயார்க்கில் மீண்டும் ஆட்டம் தொடங்கியபோது, தீயணைப்பு, காவல் துறையினரின் தொப்பிகளை அணிந்தே ஆடுவது என்று அணி முடிவெடுத்தது. வழக்கமான தொப்பியையே அணியும்படி லீக் அலுவலகம் சொல்லியும் கேட்கவில்லை. அதில் முன்னால் நின்றவர்களில் ஸீல் ஒருவர். அந்த ஊருக்கு அவர் வந்து இரண்டு ஆண்டுகூட நிறையவில்லை. வாடகைக்குக் குடிவந்தவர் தெருவின் துக்கத்தில் தோள் கொடுத்ததுபோல் இருந்தது. நான்கு மாதத்தில், 2002 ஜனவரியில், மெட்ஸ் அவரை கொலராடோவுக்கு மாற்றியது.

பேஸ்பால் சாதனையாளர்களின் கௌரவ மண்டபமான ஹால் ஆஃப் ஃபேமுக்கு அவர் பெயர் போனதா?

பத்து சீசன் ஆடியவர் என்பதால் 2010 வாக்குச்சீட்டில் பெயர் இருந்தது. நுழைய 75 சதவீதம் வேண்டும். வாக்களித்த பத்திரிகையாளர்கள் 539 பேர். ஸீலுக்குக் கிடைத்தவை பூஜ்யம். இடம் கொடுத்திருக்க வேண்டும் என்று நான் வாதாட மாட்டேன்; 253 ஹோம் ரன்னும் .265 சராசரியும் அந்த மண்டபத்துக்குப் போதாது. ஆனால் மரியாதைக்கு ஒரே ஒரு வாக்கு? பத்து ஊர்களில் ஒரு நிருபருக்குக்கூடத் தோன்றவில்லை.

இவரைவிட அதிக அணிகளுக்கு ஆடியவர்கள் உண்டா?

உண்டு. எட்வின் ஜாக்சன் 2019இல் பதினான்காவது அணியைத் தொட்டார். ஆனால் அவர் பிட்சர். பிட்சருக்குச் சந்தை எப்போதும் திறந்திருக்கும்; தினமும் களத்தில் நிற்கும் இன்ஃபீல்டருக்கு அப்படியில்லை.

கடைசி ஆட்டம் எப்படி இருந்தது?

2004 அக்டோபர் 3, ஷே ஸ்டேடியம். 39 வயது. இதுவே கடைசி என்று முன்பே சொல்லியிருந்தார். தொடக்க நாட்களில் நின்ற இடத்திலேயே முடிக்கட்டும் என்று அன்று அவரைக் கேட்சராக இறக்கினார்கள். பதினான்கு ஆண்டுகளுக்கு முன் கழற்றி வைத்த முகக்கவசத்தை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார். எதிரணி எக்ஸ்போஸ். அந்த அணிக்கும் அதுதான் கடைசி ஆட்டம். அடுத்த ஆண்டு அது வாஷிங்டனுக்குப் போய் வேறு பெயரில் ஆடவிருந்தது. 1969இல் எக்ஸ்போஸ் தன் முதல் ஆட்டத்தை ஆடியதும் இதே ஷே ஸ்டேடியத்தில், இதே மெட்ஸுக்கு எதிராகத்தான்.

ஆறாவது இன்னிங்ஸில் இரண்டு பேர் பேஸில் இருக்க ஸீல் மட்டையோடு வந்தார். கிளாடியோ வர்காஸ் வீசினார். பந்து சுவரைத் தாண்டிப் போயிற்று. இந்த முறை விளிம்பில் படவில்லை. அதன் பிறகு அவர் மட்டை பிடிக்கவில்லை.